காற்று மாதம் யாருடையது?

தெர்மிதோர் என்ற சொல் நம் இடதுசாரி வட்டாரங்களில் ரொம்ப காலமாக ஒரு வசைச்சொல்லாகவே புழங்கிவருகிறது. அமைப்பு உடைகிறபோதெல்லாம் ஒரு தரப்பு இன்னொரு தரப்பைப் பார்த்து இதைச் சொல்லும். சோவியத் அதிகாரவர்க்கத்தைப் பற்றி 1936இல் எழுதிய நூலில் ட்ராட்ஸ்கி இதை ஒரு கருத்தாக்கமாகவே நிலைநிறுத்தினார். புரூமேர் என்பது மார்க்ஸ் 1852இல் எழுதிய நூலின் தலைப்பிலிருந்து நமக்கு வந்து சேர்ந்தது. ஜெர்மினல், ஸோலாவின் நாவல். இத்தனை வருஷமாக இவற்றை உச்சரித்தும், தெர்மிதோர் என்றால் வெக்கை, புரூமேர் என்றால் மூடுபனி, ஜெர்மினல் என்றால் முளைவிடுதல் என்பதை யாரும் பெரிசாக எடுத்துக்கொண்டதில்லை. வானிலை அறிக்கைக்கான சொற்களை வைத்துக்கொண்டு எதிர்ப்புரட்சியைப் பத்தி விவாதித்துக்கொண்டிருக்கிறோம்.

இவை 1793இல் பிரெஞ்சுப் புரட்சி உட்கார்ந்து யோசித்துச் செய்த ஒரு நாட்காட்டியின் மாதப் பெயர்கள். நம் விவாதங்களுக்குள் வராமலே போன பெயர்களில் ஒன்று வாந்தோஸ். காற்று மாதம். பிப்ரவரி 19 வாக்கில் தொடங்கி மார்ச் 20 வாக்கில் முடிவது. இந்தக் கட்டுரை அந்த மாதத்தைப் பற்றியது.

இப்போது இதை எழுத ஒரு காரணம் உண்டு. தமிழில் மிகைபுனைவு எழுத வருகிற இளைஞர்கள் சிலர், நாவலின் முன்பக்கத்தில் ஒரு வரைபடம், பின்பக்கத்தில் ஒரு வம்சாவளி என்பதோடு நிற்காமல் சொந்தமாக ஒரு நாட்காட்டியும் செய்துகொள்ள ஆசைப்படுகிறார்கள். கையெழுத்துப் பிரதியாக நான் படித்த ஒன்றில் வருடம் ஆறு காற்றுகளாகப் பிரிக்கப்பட்டிருந்தது. எழுதிய நண்பருடன் பேசியபோது அவர் சொன்ன நியாயம் இது: ஜூலையும் ஆகஸ்டும் ரோமாபுரி ஆட்சியாளர்களின் பெயர்கள், சித்திரையும் வைகாசியும் ஜோசியக்காரனின் நட்சத்திரங்கள், காற்று மட்டும்தான் யாருடைய சொத்தும் கிடையாது. கேட்பதற்கு நன்றாகத்தான் இருக்கிறது. இதே நியாயத்தை இருநூறு வருஷத்துக்கும் முன்னால் பாரிஸில் ஒரு நாடகக்காரர் சட்டமன்றத்தில் நின்று சொல்லியிருக்கிறார். அவர் சொன்னது சட்டமாகி, பன்னிரண்டு வருஷத்துக்கும் மேலாக அமலில் இருந்து, ராணுவத்தோடும் கப்பலோடும் வேறு கண்டங்களுக்குப் போனது. கற்பனை நாட்காட்டி ஒன்றுக்கு அதிகாரம் கிடைத்தால் அது என்ன செய்யும் என்று தெரிந்துகொள்ள நமக்கு இருக்கிற ஒரே முழுமையான பிரதி அதுதான் என்பது என் கட்சி.

அந்த நாடகக்காரரின் பெயர் ஃபாப்ர் தெக்லாந்தின். ஊர் ஊராகச் சுற்றிய நடிகர், பாட்டுக் கட்டுபவர், பிறகு தாந்தோனின் செயலாளர். தன் பெயரோடு தானே ஒரு காட்டு ரோஜாவின் பெயரை ஒட்டவைத்துக்கொண்ட ஆள். மழையில் நனையும் இடைச்சியைப் பற்றி அவர் எழுதிய பாட்டை பிரான்சில் குழந்தைகள் இன்றைக்கும் பாடுகிறார்கள். நாட்காட்டியின் எலும்புக்கூட்டைச் செய்தவர் இவர் இல்லை. அது கில்பர்ட் ரோம் என்ற கணிதக்காரரின் வேலை. 1792 செப்டம்பர் 22, குடியரசின் முதல் நாள், தற்செயலாக இரவும் பகலும் சமமாகும் நாளாகவும் அமைந்துவிட்டது. வானத்தில் சமத்துவம் வந்த அன்றே மண்ணிலும் சமத்துவம் வந்தது என்று ரோம் அதைப் பிடித்துக்கொண்டார். அங்கிருந்து ஆண்டு தொடங்கும், மாதம் ஒவ்வொன்றுக்கும் 30 நாள், வாரம் ஏழு நாளாக இல்லாமல் பத்து நாள், மிச்சமிருக்கும் ஐந்து அல்லது ஆறு நாள் வருடக் கடைசியில் கொண்டாட்டம். 1793 அக்டோபர் 5 அன்று கன்வென்ஷன் இதை ஏற்றது. ஆனால் மாதங்களுக்கு எண்கள்தான் இருந்தன. அதில் உயிர் இல்லை என்று பட்டதால் கவிஞரைக் கூப்பிட்டார்கள். அக்டோபர் 24 அன்று ஃபாப்ர் தன் அறிக்கையைப் படித்தார்.

அந்த அறிக்கையை ஒரு இலக்கியக் கோட்பாட்டுப் பிரதியாகவே வாசிக்கலாம். மனிதர்கள் எதையும் பிம்பங்கள் வழியாகவே புரிந்துகொள்கிறார்கள், மதகுருமார்கள் இதைத் தெரிந்துவைத்திருந்ததால்தான் வருடத்தின் ஒவ்வொரு நாளையும் ஒரு புனிதரின் பிம்பத்தால் நிரப்பினார்கள், அந்தப் பிம்பங்களை வெறும் வாதத்தால் அகற்ற முடியாது, வேறு பிம்பங்களை அந்த இடத்தில் வைத்தாகவேண்டும் என்பது அவர் வாதம். கருத்தியல் பற்றி இருபதாம் நூற்றாண்டில் பிரான்சிலிருந்து வந்த தடித்தடியான புத்தகங்களை நாம் கஷ்டப்பட்டு மொழிபெயர்த்துப் படித்தோம். அதில் பாதி இந்த நாடகக்காரர் வாயில் போகிறபோக்கில் வந்துவிடுகிறது.

இன்னொரு விஷயம் தமிழ் படித்தவனுக்குச் சந்தோஷம் தருவது. பருவத்துக்கு ஒரு விகுதி வைத்தார் ஃபாப்ர். இலையுதிர்கால மாதங்கள் மூன்றும் 'ஏர்' என்று முடியும்: வாந்தெமியேர், புரூமேர், ஃப்ரிமேர். குளிர்கால மாதங்கள் 'ஓஸ்' என்று முடியும்: நிவோஸ், ப்ளூவியோஸ், வாந்தோஸ் — பனி, மழை, காற்று. வசந்தத்துக்கு 'ஆல்', கோடைக்கு 'தோர்'. குளிர்காலத்துக்குக் கனத்து நீண்ட ஒலி, வசந்தத்துக்குச் சிறுத்துத் துள்ளும் ஒலி, கோடைக்கு அகன்று முழங்கும் ஒலி என்று விளக்கமும் சொன்னார். பெயரைக் கேட்டாலே பருவம் தெரியவேண்டும். வல்லினம், மெல்லினம், இடையினம் என்று பொருளுக்கேற்ப ஒலி தேடுகிற நம் யாப்புப் பண்டிதர்கள் எழுந்து நின்று கைதட்டியிருப்பார்கள். வாந்தோஸ் என்ற பெயருக்கு அவர் சொன்ன காரணமும் அழகானது: பிப்ரவரியிலிருந்து மார்ச்சுக்குள் நனைந்த மண்ணைக் காயவைக்க வருகிற காற்று அது. விவசாயியின் காற்று. உழவுக்கு முந்தின காற்று.

யாருடைய மண்? இங்கேதான் நம் நண்பரின் நியாயத்தை நிறுத்திவைத்துப் பார்க்கவேண்டியிருக்கிறது. காற்று யாருடைய சொத்தும் இல்லை என்று சொல்லலாம். காற்றின் பெயர் அப்படியில்லை. நம் மொழியிலேயே பாருங்கள். வடக்கிலிருந்து வருவது வாடை, தெற்கிலிருந்து தென்றல், கிழக்கிலிருந்து கொண்டல், மேற்கிலிருந்து வருவது கோடை. இந்தக் கோடை என்ற மேல்காற்றின் பெயர்தான் நாளாவட்டத்தில் வெயில்காலத்துக்கே பெயராகிவிட்டது. ஒரு காற்று ஒரு பருவமாகவே மாறிவிட்ட நல்ல உதாரணம். ஆனால் அது மலைக்குக் கிழக்கே இருக்கிறவனுடைய அனுபவம். தென்மேற்கிலிருந்து வருகிற அதே காற்று மலைக்கு மேற்கே மலையாளக் கரையில் கொட்டித் தீர்த்துவிட்டு, ஈரமெல்லாம் இழந்து, வறட்டுக் காற்றாகத்தான் நம் பக்கம் இறங்குகிறது. நமக்குக் கோடை, அவர்களுக்கு மழைக்காலம். நடுவில் ஒரு மலைத்தொடர், அவ்வளவுதான். முல்லைக்குக் கார், குறிஞ்சிக்குக் கூதிர் என்று திணைக்கொரு பெரும்பொழுதைத் தொல்காப்பியம் வைத்தது இந்த விவரம் தெரிந்துதான் என்று சொல்லத் தோன்றுகிறது. ரொம்பப் பெருமைப்படவும் வேண்டாம், அந்தப் பொழுதுகளில் காத்திருப்பதும் ஏங்குவதும்தான் உரிப்பொருளாக எண்ணப்பட்டன, கதிர் அறுப்பது எண்ணப்படவில்லை. இருந்தாலும் காலத்துக்கு நிலம் உண்டு என்ற தெளிவு அதில் இருக்கிறது.

ஃபாப்ரின் நாட்காட்டியில் நிலம் ஒன்றே ஒன்றுதான். பாரிஸும் அதைச் சுற்றியுள்ள வயல்களும். பெயர் வைப்பதில் அவருக்கு உதவியவர் ஆந்த்ரே தூயின், பாரிஸ் தாவரவியல் தோட்டத்தின் தோட்டக்காரர். தெற்குப் பிரான்சுக்கே பொருந்தாத அந்தப் பருவங்கள், புரட்சியோடு சேர்ந்து கப்பலேறின. மொரீஷியஸ் அன்று பிரெஞ்சுத் தீவு என்ற பெயரில் பிரான்சின் கையில் இருந்தது. 1803இல் அங்கே ஆளுநராக வந்த தெக்கானின் ஆணைகள் குடியரசு நாட்காட்டியிலேயே தேதியிடப்பட்டன. அது பூமியின் தென்பாதி. பனி மாதமான நிவோஸ் அங்கே உச்சக் கோடை. வெக்கை மாதமான தெர்மிதோர் அங்கே குளிர்காலம். ஒரு வருஷம் முழுக்கத் தலைகீழ். புயல்காலம் நவம்பரில் தொடங்கி ஏப்ரல் வரை இருப்பதால் காற்று மாதம் மட்டும் தப்பித்தவறிப் பொருந்தியிருக்கிறது, அதுவும் மண்ணைக் காயவைக்கிற காற்றாக இல்லாமல் கூரையைப் பிய்க்கிற காற்றாக. இந்தத் தீவில் தமிழர்கள் இருந்தார்கள். 1730களிலிருந்தே புதுச்சேரிப் பக்கத்துக் கைவினைஞர்கள் கொண்டுபோகப்பட்டார்கள், அடிமைகளாக விற்கப்பட்ட இந்தியர்களும் இருந்தார்கள். போர்ட் லூயியில் சுதந்திர இந்தியர்கள் குடியிருந்த பகுதிக்கு மலபார் முகாம் என்று பெயர். வேர்த்து விறுவிறுக்க வேலை செய்கிறவனின் பத்திரத்தில் பனி மாதம் என்று எழுதப்பட்டிருக்கும்.

புதுச்சேரி தப்பித்தது. 1793 ஆகஸ்டில் ஆங்கிலேயர்கள் அதைப் பிடித்துவிட்டார்கள், மாதங்களுக்குப் பெயர் வைக்கப்பட்டது அக்டோபரில். பிரான்ஸ் அதைத் திரும்பப் பெற்றது 1816இல், அதற்குள் நாட்காட்டி செத்துப் பத்து வருஷமாகிவிட்டது. இல்லாவிட்டால் மார்கழியில் நிவோஸ் வந்திருக்கும். நமக்கு நாட்காட்டியைச் சட்டம் போட்டு மாற்றுகிற அனுபவம் பிற்பாடு வேறு விதமாக வாய்த்தது. தை முதல் நாளைப் புத்தாண்டாக்கிய சட்டம் 2008இல் வந்தது, 2011இல் போனது. அது தனியாகப் பேசவேண்டிய விஷயம்.

காற்று மாதத்துக்கு வருகிறேன். இரண்டாம் ஆண்டு வாந்தோஸ் 8, வாந்தோஸ் 13, அதாவது 1794 பிப்ரவரி 26, மார்ச் 3. இந்த இரண்டு நாட்களில் சாந்-ஜூஸ்த் கொண்டுவந்த இரண்டு தீர்மானங்களைக் கன்வென்ஷன் நிறைவேற்றியது. புரட்சியின் எதிரிகள் என்று முடிவானவர்களின் சொத்துகளைப் பறிமுதல் செய்வது, ஊர் ஊராக ஏழைத் தேசபக்தர்களின் பட்டியல் எடுத்து அந்தச் சொத்திலிருந்து அவர்களுக்கு ஈடு கொடுப்பது. வாந்தோஸ் ஆணைகள் என்று சரித்திரத்தில் இதற்குப் பெயர். காற்று மாத ஆணைகள் என்று தமிழில் சொல்லிப்பார்த்தால் கொஞ்சம் வயிற்றைக் கலக்குகிறது, ஏனென்றால் அவை நிஜமாகவே காற்றில் பறந்துபோயின. சந்தேகத்துக்குள்ளானவர்களைத் தரம் பிரிக்க அமைக்கவேண்டிய ஆணையங்கள் முழுசாக அமைக்கப்படவே இல்லை. ஊர்ப் பட்டியல்கள் அரைகுறையாக வந்துகொண்டிருந்தபோதே தெர்மிதோர் வந்துவிட்டது, சாந்-ஜூஸ்தின் தலையும் போய்விட்டது. மத்தியே என்ற வரலாற்றாசிரியர் இவற்றை ஒரு புதிய சமூகப் புரட்சிக்கான திட்டமாகவே வாசித்தார். லெஃபேவ்ர் அவ்வளவு தூரம் போகவில்லை, அதில் அரசியல் தந்திரமும் கலந்திருக்கிறது என்று சந்தேகப்பட்டார். அதே வாந்தோஸ் மாதம் முடிவதற்குள் எபேரையும் அவர் கூட்டாளிகளையும் கைது செய்ததைப் பார்க்கும்போது லெஃபேவ்ர் பக்கமும் நியாயம் இருப்பதாகவே படுகிறது. இடதுபுறத்து ஆட்களைப் பிடித்து உள்ளே போடுவதற்கு முன்னால் இடதுபுறத்துக்குப் பிடித்த சட்டம் ஒன்றைப் போட்டுவைப்பது நாம் பார்க்காததா என்ன. எப்படியிருந்தாலும், தெர்மிதோர் நம் சொல்லாடலில் நிலைத்தது, வாந்தோஸ் நிலைக்கவில்லை. தோல்வியின் மாதத்தை எடுத்துக்கொண்டோம், நிறைவேறாத பங்கீட்டின் மாதத்தை விட்டுவிட்டோம்.

ஆனால் இந்த நாட்காட்டியின் உண்மையான அரசியல் மாதங்களில் இல்லை. அது வாரத்தில் இருக்கிறது. மாதத்துக்குக் கவிதை கிடைத்தது, வாரத்துக்குக் கணக்கு கிடைத்தது என்பதைக் கவனிக்கவேண்டும். பத்து நாட்களுக்கும் முதலாம் நாள், இரண்டாம் நாள் என்று இலக்கங்கள்தான், பத்தாம் நாளான தெகாதி ஓய்வு. பழைய கணக்கில் வருடத்துக்கு 52 ஞாயிறு, அது போக புனிதர்களின் திருநாட்கள். புதிய கணக்கில் 36 தெகாதி, அது போக வருடக் கடைசியின் ஐந்து நாள். மதகுருவைத் துரத்தியபோது உழைக்கிறவனின் ஓய்வும் சேர்ந்து துரத்தப்பட்டது. பனியும் மழையும் காற்றும் பூவும் மேலே அழகாகச் சுழன்றுகொண்டிருக்க, அடியில் ஒருவன் ஒன்பது நாள் தொடர்ந்து குனிந்து நிற்கிறான்.

இன்னும் கொடுமை நாட்களின் பெயர்களில் இருக்கிறது. புனிதர்களை எடுத்துவிட்டு ஒவ்வொரு நாளுக்கும் ஒரு செடி, ஐந்தில் முடியும் நாட்களுக்கு ஒரு பிராணி, பத்தாம் நாட்களுக்கு ஒரு கருவி என்று வைத்தார்கள். காற்று மாதத்தில் ஐந்தாம் நாள் கிடா, பதினைந்தாம் நாள் வெள்ளாடு, இருபத்தைந்தாம் நாள் சூரை மீன். பத்தாம் நாள் மண்வெட்டி, இருபதாம் நாள் பாத்திக்கு நேர் பிடிக்கும் கயிறு, முப்பதாம் நாள் நடவுக்குத் துளை போடும் முளைக்குச்சி. கருவிகளுக்கு மரியாதை செய்ததாக அவர்கள் நினைத்திருக்கலாம். நம்மூர் ஆயுத பூஜையும் நினைவுக்கு வருகிறது. ஆனால் கணக்குப் போட்டுப் பாருங்கள்: பத்தாம், இருபதாம், முப்பதாம் நாட்கள்தான் ஓய்வு நாட்கள். ஓய்வு கிடைக்கிற மூன்று நாளிலும் மண்வெட்டியும் கயிறும் குச்சியும்தான் பெயராக வந்து முன்னால் நிற்கும்.

ஜனங்கள் இதை ஏற்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை கடையை மூடினார்கள், தெகாதியன்று திறந்தார்கள். 1798இல் தெகாதியைக் கட்டாயமாக்கச் சட்டத்துக்கு மேல் சட்டம் போட்டார்கள். 1802இல் போப்போடு சமாதானம் ஆனதும் அரசு ஊழியர்களுக்கு ஞாயிறே திரும்பிவந்தது. இதை மக்களின் மதப்பற்று என்று மட்டும் எழுதிவிட்டுப் போகிற சரித்திரங்கள் ஏராளம். மதப்பற்றும் இருந்திருக்கும். ஆனால் ஏழுக்கும் பத்துக்கும் இடையில் இருக்கிற மூன்று நாளை முதுகெலும்பால் எண்ணுகிறவனுக்கு இறையியல் தேவைப்படாது.

அந்தக் காலத்தில் நாட்காட்டியைப் பற்றிப் பேசிய வேறு ஆட்களும் இருந்தார்கள், கமிட்டி போட்டுப் பேசவில்லை. பிரான்சின் சர்க்கரைத் தீவான சான்-தொமாங்கின் தெற்கில், லெ கே நகரத்தை ஒட்டிய பிளாத்தோன் மலையில் 1792இல் கூடிய அடிமைக் கிளர்ச்சிக்காரர்கள் வைத்த கோரிக்கைகள் சரித்திரத்தில் பதிவாகியிருக்கின்றன. தங்கள் தலைவர்களில் முந்நூறு பேருக்கு விடுதலை, சாட்டையை ஒழிப்பது, எல்லா அடிமைகளுக்கும் வாரத்தில் மூன்று நாள் சொந்தமாக. இதையும் ஒரு நாட்காட்டித் திட்டமாகவே நான் வாசிக்கிறேன். மாதப் பெயர் ஒன்றையும் அவர்கள் மாற்றச் சொல்லவில்லை. காற்றைப் பற்றியும் பேசவில்லை. ஏழில் மூன்று. ரோம் முன்வைத்த பத்தில் ஒன்றுக்குப் பக்கத்தில் இதை வைத்துப் பாருங்கள், ஒரு வருஷ இடைவெளியில் இரண்டு திட்டங்கள்.

பிறகு நடந்தவை பருவங்களின் பெயரிலேயே நடந்தன. மழை மாதத்தில், ப்ளூவியோஸ் 16, அதாவது 1794 பிப்ரவரி 4 அன்று, கன்வென்ஷன் காலனிகளில் அடிமைமுறையை ஒழித்தது. முன்பு அடிமையாக இருந்த ழான்-பத்தீஸ்த் பெல்லே சான்-தொமாங்கின் உறுப்பினராக அந்த அவையில் இருந்தார். மொரீஷியஸுக்கு இந்தச் சட்டத்தை எடுத்துக்கொண்டு 1796இல் போன அரசுப் பிரதிநிதிகள் இருவரைத் தோட்ட முதலாளிகள் சில நாட்களுக்குள் கப்பலேற்றித் திருப்பி அனுப்பிவிட்டார்கள். மாதப் பெயர்களை ஏற்றுக்கொண்ட முதலாளிகள் அந்தப் பெயரில் வந்த சட்டத்தை மட்டும் ஏற்கவில்லை. எட்டு வருஷம் கழித்து, பூ மாதத்தில், ஃப்ளொரேயால் 30, அதாவது 1802 மே 20 அன்று நெப்போலியனின் ஆட்சி போட்ட சட்டம், இங்கிலாந்திடமிருந்து திரும்பக் கிடைத்த தீவுகளிலும் நன்னம்பிக்கை முனைக்குக் கிழக்கே உள்ள காலனிகளிலும் அடிமைமுறை முன்போலவே தொடரும் என்றது. அதே வருஷம் குவாதலூப்பில், விடுதலை பெற்றவர்களையே மறுபடி அடிமையாக்கினார்கள். ஃப்ளொரேயால் 30 ஒரு தெகாதி. நாட்காட்டியின்படி அந்த நாளின் பெயர் இடையனின் கோல்.

1804இல் சான்-தொமாங்கின் கறுப்புப் படை நெப்போலியனின் ராணுவத்தைத் தோற்கடித்து விடுதலை அறிவித்தது. அன்றைய தேதி குடியரசு நாட்காட்டியில் பன்னிரண்டாம் ஆண்டு நிவோஸ் 10. பனி மாதம், கதிரடிக்கும் கோலின் நாள். ஹைட்டியில் பனியாவது ஒன்றாவது. தெசலீனின் அறிவிப்பில் ஜனவரி 1, விடுதலையின் முதலாம் ஆண்டு என்றுதான் போட்டார்கள். புரட்சியின் நாட்காட்டியை அந்தப் புரட்சியை அதன் எல்லை வரைக்கும் கொண்டுபோனவர்கள் தூக்கிப் போட்டுவிட்டு, போப்பின் நாட்காட்டியிலிருந்தே ஒரு தேதியை எடுத்துக்கொண்டார்கள் என்பதை இதுவரை யாரும் நம்மிடையே பேசியதாகத் தெரியவில்லை. ஆண்டை மட்டும் புதிதாகத் தொடங்கினார்கள், மாதத்தைத் தொடவில்லை.

இனி மிகைபுனைவுக்கு வரலாம். டோல்கியனின் பெருநாவலின் மூன்றாம் பாகம் 1955இல் வந்தது. அதன் பின்னிணைப்பில் நாட்காட்டிகளுக்கென்றே ஒரு பகுதி உண்டு. அவர் பக்தியுள்ள கத்தோலிக்கர், அரசியலில் பழமைவாதி. அவர் எல்வ் மொழியில் வைத்த மாதப் பெயர்களைப் பாருங்கள்: நீர் மாதம், காற்று மாதம், பூ மாதம், வெக்கை மாதம், கனி மாதம், மூடுபனி மாதம். ப்ளூவியோஸ், வாந்தோஸ், ஃப்ளொரேயால், தெர்மிதோர், ஃப்ருக்திதோர், புரூமேர் எல்லாம் வரிசையாக வந்துவிடுகின்றன. ஹாபிட்டுகளின் நாட்காட்டியிலும் பன்னிரண்டு மாதம், மாதத்துக்கு 30 நாள், மிச்சம் ஐந்து நாள் மாதங்களுக்கு வெளியே. யாக்கோபினின் நாட்காட்டியும் மன்னராட்சியை விரும்புகிறவரின் நாட்காட்டியும் ஒரே அச்சில் இருக்கின்றன. இயற்கையின் பெயரால் காலத்தை அழைப்பதற்குத் தன்னளவில் அரசியல் நிறம் ஏதும் இல்லை என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்.

டோல்கியனின் காற்று மாதம் சூலிமே, நம் மார்ச். மோதிரம் அழிவது அந்த மாதம் 25ஆம் நாள். அதற்குப் பிறகு மன்னன் திரும்பி வந்து ஆள்கிற புதிய காலத்தில் வருடமே அந்த நாளிலிருந்துதான் தொடங்குகிறது. கிறிஸ்தவத் திருநாட்களில் மார்ச் 25 என்பது மரியாளுக்கு மங்கள வார்த்தை சொல்லப்பட்ட நாள் என்பதும் அவருக்குத் தெரியாததல்ல. ஆக வாந்தோஸில் ஏழைகளுக்குச் சொத்தைப் பிரித்துக் கொடுக்க ஒரு சட்டம், சூலிமேயில் ராஜா வருகிறார். முன்னது நடக்கவில்லை, பின்னது புனைவில் நடந்து கோடிக்கணக்கில் விற்றது.

ஆனாலும் ஒரு விஷயத்தில் டோல்கியனுக்கு மார்க் போட்டே ஆகவேண்டும். ஹாபிட்டுகளின் வாரம் ஏழு நாள், கடைசி நாளில் மத்தியானத்துக்கு மேல் விடுமுறை, சாயங்காலம் விருந்து என்று அந்தப் பின்னிணைப்பிலேயே எழுதி வைத்திருக்கிறார். ரோமின் கமிட்டி மறந்ததை இந்தப் பழமைவாதி மறக்கவில்லை. அர்சுலா லெ குவின் 1969இல் வெளியிட்ட நாவலில் வேறொரு வழியில் போனார். அவருடைய பனிக்கிரகத்தில் நடப்பு வருடம்தான் எப்போதும் முதலாம் ஆண்டு, மற்றதெல்லாம் அங்கிருந்து முன்னும் பின்னும் எண்ணப்படும். எந்த ராஜாவின் வெற்றியையும் எந்தப் புரட்சியையும் தொடக்கமாக வைத்துக்கொள்ள இடம் கொடுக்காத கணக்கு. புத்திசாலித்தனம்தான். ஆனால் அந்த நாட்காட்டியில் வட்டிக்குக் கடன் வாங்கியவன் எத்தனையாவது நாள் கட்டவேண்டும் என்று எனக்கு ஒரு சந்தேகம் இருந்துகொண்டேயிருக்கிறது.

கையெழுத்துப் பிரதியின் நண்பரிடம் நான் கேட்டதும் இந்த ரகக் கேள்விகளைத்தான். ஆறு காற்றுகளுக்கும் நல்ல பெயர் வைத்திருக்கிறீர்கள், உங்கள் நாட்டில் கூலி என்றைக்குப் பட்டுவாடா? காற்று இல்லாத நாளில் படகு இறக்க முடியாதவனுக்கு அது ஓய்வா, பட்டினியா? மலைக்கு அந்தப் பக்கம் ஒரு ஊர் இருக்கிறதே, அங்கே இதே காற்றை என்னவென்று கூப்பிடுகிறார்கள், வரி வசூலிக்க வருகிறவன் எந்தப் பெயரில் ரசீது கொடுப்பான்? நாவலில் ஆளும் குலத்தின் பட்டாபிஷேகம் எந்தக் காற்றில் என்று எட்டுப் பக்கம் இருக்கிறது, நாற்று நடுகிறவளின் மாதவிடாய் நாட்கள் எந்தக் கணக்கிலும் வரவில்லை. இதெல்லாம் சமூகவியல், கற்பனையை நெருக்காதீர்கள் என்று சொல்லக்கூடும். கற்பனை போதாமல்தான் இது நடக்கிறது என்று நினைக்கிறேன். காற்றுக்குப் பெயர் வைப்பது சுலபம், அதில் ஃபாப்ரை விடத் திறமைசாலி இனி வரப்போவதில்லை. பத்து நாள் வாரம் என்ற ஒரு வரி ஒரு உடம்பின் மேல் என்ன செய்யும் என்று யோசிக்கத்தான் கற்பனை வேண்டும்.

ஃபாப்ரின் கதையும் அவர் வைத்த பெயர்களுக்குள்ளேயே முடிந்தது. இந்திய வியாபாரத்துக்காக 1785இல் மறுபடி தொடங்கப்பட்டிருந்த பிரெஞ்சு கிழக்கிந்தியக் கம்பெனியைக் கலைத்தபோது, கலைப்பு ஆணையின் வாசகத்தைக் கம்பெனிக்குச் சாதகமாகத் திருத்திய மோசடியில் அவருக்குப் பங்கு உண்டு என்று வழக்கு. முளைவிடும் மாதமான ஜெர்மினல் 16ஆம் நாள், 1794 ஏப்ரல் 5, தாந்தோனோடு சேர்த்து அவரையும் கில்லட்டினுக்கு அனுப்பினார்கள். அவரது நாட்காட்டிப்படி அன்றைக்கு லெட்யூஸ் கீரையின் நாள். ரோம் அடுத்த வருஷம், புல்வெளி மாதமான ப்ரேரியாலில், எழுச்சியை ஆதரித்ததற்காக மரண தண்டனை கிடைத்து, கில்லட்டினுக்குப் போகாமல் கத்தியால் தன்னையே குத்திக்கொண்டு செத்தார். ரொட்டி கேட்டு வந்த கூட்டத்தின் பக்கம் நின்றதற்காகச் செத்தவர் என்பதால் பத்து நாள் வாரத்துக்காக அவரை அதிகம் திட்ட மனம் வரவில்லை. நாட்காட்டியை நெப்போலியன் 1805 செப்டம்பரில் ரத்து செய்தார். அதற்கான அறிக்கையை செனட்டில் கொடுத்தவர் வானியலாளர் லாப்லாஸ். 1806 ஜனவரி 1இலிருந்து பழைய கணக்கு.

மறுபடி ஒரே ஒரு தடவை அது உயிர் பெற்றது. 1871 மே மாதத்தில், பாரிஸ் கம்யூனின் கடைசி வாரங்களில், அதன் அரசிதழ் ஃப்ளொரேயால், 79ஆம் ஆண்டு என்று தேதியிட்டு வந்தது. அதே கம்யூன் ரொட்டிக் கடைகளில் ராத்திரி வேலையை ஒழித்து ஒரு ஆணை போட்டிருந்தது. அது அதற்கு முன்பே, ஏப்ரல் 20 என்ற சாதாரணத் தேதியில் வந்தது.